வாரியம் கம்பெனியான பிறகு மெமோ கொடுப்பது யார், தண்டிப்பது யார்?

கேள்வியைச் சுருக்கிச் சொல்லிவிட்டுத் தொடங்குகிறேன். தொண்டிப் பக்கம் ஒரு பிரிவு அலுவலகத்தில் கம்பியாளராக இருக்கும் அண்ணனுக்கு 8(பி) மெமோ (பெருந்தண்டனைக்கான குற்றச்சாட்டுக் குறிப்பாணை) வந்திருக்கிறது. 2007இல் மின்வாரியத்தில் ஹெல்பராகச் சேர்ந்தவர். நியமன ஆணையில் கையெழுத்து மேற்பார்வைப் பொறியாளருடையது. இப்போதைய மெமோவில் கையெழுத்து செயற்பொறியாளருடையது. குற்றச்சாட்டு இரண்டு. லைன் மாற்றியபோது இறக்கிய பழைய கம்பி ஸ்டோருக்குக் குறைவாக வந்தது ஒன்று. இறால் பண்ணை இணைப்பு ஒன்றில் முறைகேடு இருப்பது தெரிந்தும் மேலே சொல்லாமல் விட்டது இன்னொன்று. "வாரியம் கலைந்து பதினைந்து வருஷமாச்சு, இவங்க வேற கம்பெனி, வேற கம்பெனிக்காரன் கொடுத்த மெமோ செல்லாது" என்று சங்கத்தில் ஒருவர் சொன்னாராம். அதை நம்பிப் பதில் கொடுக்காமல் இருக்கலாமா?

இருக்கக் கூடாது. அந்த வாதம் நிற்காது. ஆனால் அதற்குப் பக்கத்திலேயே நிற்கக்கூடிய வாதம் ஒன்று இருக்கிறது: மெமோ கொடுக்க ஒருவருக்கு இருக்கும் அதிகாரமும், வேலையை விட்டு நீக்க ஒருவருக்கு இருக்கும் அதிகாரமும் ஒன்றல்ல. உங்கள் அண்ணனுக்குப் பயன்படப் போவது இந்த இடைவெளிதான், அதுவும் இப்போது அல்ல, ஆணை வரும்போது.

முதலில் யார் யாருக்கு வாரிசு என்பதைப் பார்த்துவிடுவோம். தமிழ்நாடு மின்சார வாரியம் 1957 ஜூலை 1 அன்று, 1948ஆம் ஆண்டு மின்சார வழங்கல் சட்டத்தின் கீழ் அமைந்தது. 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டம் வந்து அந்தப் பழைய சட்டத்தை நீக்கியது. அதன்படி 2010 அக்டோபர் 19 தேதியிட்ட எரிசக்தித் துறை அரசாணை 100 மூலம் மாற்றுத் திட்டம் வெளியாகி, 2010 நவம்பர் 1 முதல் உற்பத்தியும் பகிர்மானமும் டான்ஜெட்கோவுக்கும், தொடரமைப்பு டான்டிரான்ஸ்கோவுக்கும் போயின. 2024இல் டான்ஜெட்கோ மறுபடி பிரிந்தது. பகிர்மானம், உற்பத்தி, பசுமை எரிசக்தி என்று மூன்று கழகங்கள். நம் ராமநாதபுரம் மாவட்டத்திலேயே இதைக் கண்ணால் பார்க்கலாம். தொண்டியில் கம்பம் ஏறுபவர் பகிர்மானக் கழகத்து ஆள். வழுதூர் எரிவாயு மின்நிலையத்தில் ஷிப்ட் பார்ப்பவர் உற்பத்திக் கழகத்து ஆள். கமுதி 400 கே.வி. துணைமின் நிலையம் தொடரமைப்புக் கழகத்தினுடையது. மூவரும் ஒரே வாரியத்தில் சேர்ந்தவர்களாக இருக்கலாம். எல்லாரும் இன்னும் "ஈ.பி." என்றுதான் சொல்கிறோம், சட்டத்தின் கண்ணில் முதலாளிகள் வெவ்வேறு.

இந்த மாற்றத்தில் ஊழியர் என்ன ஆனார் என்பதை மின்சாரச் சட்டத்தின் 133ஆம் பிரிவு சொல்கிறது. சொத்து கைமாறும்போது பணியாளர்களையும் மாற்றுத் திட்டத்தின் மூலம் புதிய நிறுவனத்துக்கு மாற்றலாம். மாறியவர் புதிய நிறுவனத்தின் கீழ் பணியில் இருப்பவராகிறார். அவருடைய பணி நிபந்தனைகள், மாற்றமே நடக்காமல் இருந்தால் என்ன கிடைத்திருக்குமோ அதைவிட எந்த வகையிலும் குறைவாக இருக்கக் கூடாது. இந்தக் கடைசி வாசகத்தை அடிக்கோடிட்டு வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும். அடுத்த 134ஆம் பிரிவு, முதலாளி மாறியதற்காக இழப்பீடு எதுவும் கேட்க முடியாது என்கிறது. அதாவது, ஊழியரின் வேலை அறுந்து மறுபடி முளைக்கவில்லை, தொடர்கிறது. சம்பளம், பணிமூப்பு, ஓய்வூதியத்துக்கு 2007 முதல் கணக்கிடச் சொல்லிவிட்டு, ஒழுங்கு நடவடிக்கைக்கு மட்டும் 2010இல் புதிதாகப் பிறந்தேன் என்று சொல்ல முடியாது. சங்க நண்பரின் வாதம் விழும் இடம் இது.

பழைய விதிமுறைகள்? அவையும் சாகவில்லை. மின்சாரச் சட்டத்தின் 185ஆம் பிரிவு, நீக்கப்பட்ட சட்டங்களின் கீழ் செய்தவற்றை, புதிய சட்டத்துக்கு முரணாக இல்லாதவரை காப்பாற்றுகிறது. வாரியத்தின் நடத்தை விதிமுறைகளும் ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிமுறைகளும் 1948 சட்டத்தின் 79(சி) பிரிவின் கீழ் பிறந்தவை. வாரிசு நிறுவனங்கள் புதிதாக எழுதாத வரை அவற்றையே வைத்து நடத்துகின்றன. அரசு ஊழியருக்கு 17(ஏ), 17(பி) போல, மின்வாரியத்தில் 8(ஏ) என்றால் சிறு தண்டனைக்கான நடைமுறை, 8(பி) என்றால் பெருந்தண்டனைக்கானது. 8(பி) வந்தால் விசாரணை அலுவலர், சாட்சி, குறுக்கு விசாரணை எல்லாம் உண்டு. வந்த உடனே வேலை போய்விட்டதாக வீட்டில் எல்லாரும் அழ வேண்டியதில்லை. 8(பி)யில் தொடங்கி ஓராண்டு ஊதிய உயர்வு நிறுத்தத்தில் முடியலாம். 8(ஏ)யில் தொடங்கி பணிநீக்கத்தில் முடிக்க முடியாது.

இங்கே ஒரு சின்ன விலகல். தொழிலாளி நிலையில் இருப்பவருக்கு இந்த ஒழுங்கு விதிமுறைகளா, நிலையாணைகளா (தொழில் நிறுவனங்களுக்குச் சட்டப்படி வகுக்கப்படும் பணி விதிகள்) என்ற பழைய தகராறு ஒன்று உண்டு. உத்தரப் பிரதேச மின்வாரியத்துக்கும் ஹரிசங்கர் ஜெயினுக்கும் இடையே 1978இல் உச்ச நீதிமன்றம் சொன்னது இது: அப்போதைய நிலையாணைச் சட்டத்தின் 13-பி பிரிவின்படி அறிவிக்கை செய்திருந்தால்தான் வாரியத்தின் விதிமுறை நிலையாணையைத் தள்ளிவைக்கும், அதுவும் அறிவிக்கை செய்த விஷயத்தில் மட்டும். ஆகவே மெமோவில் எந்த விதியை மேற்கோள் காட்டியிருக்கிறார்கள் என்று பார்க்க வேண்டும். விதியே குறிப்பிடாத மெமோக்களும் வருகின்றன. அப்படி வந்தால் பதில் எழுதும் முன் "எந்த விதியின் கீழ்" என்று எழுத்தில் கேட்கலாம்.

இனி பலரும் வழுக்கி விழும் இடம்: அரசியலமைப்பின் 311ஆவது கூறு. நியமித்தவருக்குக் கீழ்ப்பட்டவர் ஒருவரை வேலையிலிருந்து நீக்க முடியாது என்று அதில் இருப்பது உண்மை. ஆனால் அது மத்திய, மாநில அரசுகளின் குடிமைப் பதவியில் இருப்பவர்களுக்கு. வாரிய ஊழியருக்கோ கம்பெனி ஊழியருக்கோ அது நேரடியாகப் பொருந்தாது. ஹிந்துஸ்தான் ஸ்டீல் நிறுவனத்து மருத்துவர் வழக்கில் 1970லேயே இது முடிந்துபோன விஷயம். பதிலில் முதல் வரியிலேயே "311க்கு விரோதமானது" என்று எழுதினால், எதிர்த்தரப்பு அதை மட்டும் அடித்துவிட்டுப் போய்விடும்.

311 இல்லையென்றால் வெறுங்கை என்று பொருளில்லை. மூன்று பிடிமானங்கள் இருக்கின்றன. முதலாவது, விதிமுறைகளின் பின்னிணைப்பில் எந்தப் பதவிக்கு எந்தத் தண்டனையை யார் விதிக்கலாம், யாரிடம் மேல்முறையீடு என்று அட்டவணை இருக்கும். சட்டத்தின் கீழ் வந்த நிறுவனத்தின் விதிமுறைக்குச் சட்டத்தின் வலு உண்டு, அதை மீறி நீக்கினால் நீக்கமே செல்லாது என்று சுக்தேவ் சிங் வழக்கில் 1975இல் தீர்ப்பு. இரண்டாவது, பொது வாசகச் சட்டத்தின் 16ஆவது பிரிவு: நியமிக்கும் அதிகாரத்துக்குள்ளேயே இடைநீக்கவும் நீக்கவும் அதிகாரம் அடங்கும். மூன்றாவது, முன்னே அடிக்கோடிடச் சொன்ன 133(2). வாரியக் காலத்தில் தன்னை நீக்கும் அதிகாரம் மேற்பார்வைப் பொறியாளருக்கு மட்டுமே இருந்தது என்றால், கம்பெனிக் காலத்தில் அதை ஒரு படி கீழே இறக்குவது பணி நிபந்தனையைக் குறைப்பதுதான் என்று வாதாடலாம். என் பார்வையில் மூன்றில் முதலாவதுதான் இரும்பு. மூன்றாவது முதலாவதோடு சேர்ந்தால் வலுப்பெறும், தனியே நிற்க விட வேண்டாம்.

இப்போது உங்கள் அண்ணனின் மெமோ. செயற்பொறியாளர் கையெழுத்திட்ட ஒரே காரணத்தால் அது செல்லாது என்று சொல்ல முடியாது. நடவடிக்கையைத் தொடங்குவது நியமன அதிகாரியாகத்தான் இருக்க வேண்டும் என்று 311கூடச் சொல்லவில்லை என்பது 1993இல் ஸ்ரீனிவாச சாஸ்திரி வழக்கில் வந்த தீர்ப்பு. தமிழ்நாட்டு போலீஸ்காரர் தவசியப்பன் வழக்கில் 1996இல் உச்ச நீதிமன்றம் அதே வழியில் போனது. ஊழியரைக் கட்டுப்படுத்தும் மேலதிகாரி, விதி தடுக்காத வரை, குற்றச்சாட்டு கொடுக்கலாம்.

ஆனால் விதி வேறு மாதிரி எழுதப்பட்டிருந்தால் கதை மாறும். "ஒழுங்கு அதிகாரி குற்றச்சாட்டை வகுக்க வேண்டும் அல்லது வகுக்கச் செய்ய வேண்டும்" என்று விதி இருந்தால், அவருடைய, அதாவது தண்டிக்கும் அதிகாரம் உள்ளவருடைய, ஒப்புதல் இல்லாத மெமோ பிறக்கும்போதே உயிரில்லாதது. கோபிநாத் வழக்கில் 2013இல் இப்படித்தான் தீர்ந்தது. தமிழ்நாடு அரசுக்கும் ஐ.பி.எஸ். அதிகாரி ஒருவருக்கும் இடையிலான 2018 வழக்கிலும் அப்படியே. பிறகு ஒப்புதல் வாங்கி ஒட்டுப் போட முடியாது என்று 2021இல் சன்னி ஆபிரகாம் வழக்கில் தெளிவாக்கினார்கள். ஆக, எல்லாம் அந்த ஒரு வரியின் சொற்களைப் பொறுத்தது. விதிமுறைப் புத்தகத்தில் 8(பி)யை நீங்களே ஒருமுறை வாசியுங்கள். யாரோ சொன்னதை வைத்து முடிவு செய்யாதீர்கள்.

தண்டனை ஆணைக்கு வருவோம். அட்டவணைப்படி கம்பியாளரை நீக்கும் அதிகாரம் மேற்பார்வைப் பொறியாளருக்கு என்று இருந்து, நீக்க ஆணையில் செயற்பொறியாளர் கையெழுத்திட்டால் அந்த ஆணை விழும். "இப்போது அதிகாரப் பகிர்வு ஆணைப்படி செயற்பொறியாளரே ஹெல்பரை நியமிக்கலாம், அதனால் அவரே நீக்கலாம்" என்று நிர்வாகம் சொல்லுமானால், அதற்குப் பதில் 1979இல் வந்த கிருஷ்ணகுமார் வழக்கு. ரயில்வேயில் தலைமை மின்பொறியாளர் நியமித்த ஒருவரைக் கோட்ட உதவி மின்பொறியாளர் நீக்கினார். நியமன அதிகாரத்தைப் பிறகு கீழே பகிர்ந்தளித்ததால் அந்தக் கீழதிகாரியின் படிநிலை உயர்ந்துவிடாது. ஊழியர் நியமிக்கப்பட்ட நாளில் யார் நியமன அதிகாரி என்பதே கணக்கு என்று தீர்ப்பு. அது 311 வழக்கு என்பதால் கம்பெனிக்கு அச்சாகப் பொருந்தாது. காரணத்தை மட்டும் எடுத்துக்கொண்டு விதிமுறை அட்டவணையோடு சேர்த்து வைக்க வேண்டும்.

இதில் நீங்கள் ஏமாறக்கூடிய இடம்: நியமித்த அதே ஆளோ அதே பெயர் கொண்ட பதவியோ தேவையில்லை. ராமநாதபுரம் வட்டத்து மேற்பார்வைப் பொறியாளர் நியமித்தார், இன்று வழுதூரில் உற்பத்திக் கழகத்து மேற்பார்வைப் பொறியாளர் நீக்குகிறார் என்றால், தகுதிநிலை ஒன்றாக இருந்தால் போதும். 1955இல் மகேஷ் பிரசாத் வழக்கிலேயே இது முடிந்தது. வாரியம் கலைந்தது என்பது இங்கே நிர்வாகத்துக்குச் சிக்கலே இல்லை.

தலைகீழாகவும் நடக்கும். தண்டிக்க வேண்டியவருக்கு மேலே இருப்பவர், அதாவது மேல்முறையீட்டைக் கேட்க வேண்டியவரே, நேராகத் தண்டித்துவிடுவார். பெரிய அதிகாரி செய்தால் தப்பில்லை என்று பலரும் நினைக்கிறார்கள். தப்புதான்: ஊழியருக்கு இருந்த ஒரு மேல்முறையீட்டுப் படி போய்விடுகிறது. யூகோ வங்கி ஊழியர் சுர்ஜித் கோஷ் வழக்கில் 1995இல் இதே காரணத்துக்காக நீக்க ஆணை ரத்தானது. விதிவிலக்கு, ஒரே சம்பவத்தில் பல படிநிலையினர் மாட்டும்போது. மின்சாரம் தாக்கி ஒருவர் இறந்த வழக்கில் ஹெல்பர், லைன் இன்ஸ்பெக்டர், உதவிப் பொறியாளர் மூவருக்கும் சேர்த்து ஒரே விசாரணை நடந்தால், அந்த உதவிப் பொறியாளரைத் தண்டிக்கக்கூடிய மேலதிகாரி எல்லாரையும் சேர்த்து முடிக்கலாம். அவருக்கு மேலே இன்னொரு மேல்முறையீட்டு இடம் இருந்தால் குறையில்லை என்று 1997இல் உணவுக் கழகத்தின் பல்பீர் சந்த் வழக்கு. உங்கள் அண்ணனின் இறால் பண்ணைக் குற்றச்சாட்டில் கணக்கீட்டாளரும் உதவிப் பொறியாளரும் சேர்க்கப்பட்டிருக்கிறார்களா என்று விசாரியுங்கள். சேர்க்கப்பட்டிருந்தால் இந்த விதிவிலக்கு வரும்.

கூடுதல் பொறுப்பு என்பது இன்னொரு ஓட்டை. பணியிடம் காலியாக இருக்கும்போது பக்கத்துக் கோட்டத்துக்காரர் பொறுப்பு பார்ப்பார். அந்தப் பொறுப்பு ஆணையில் "முழு கூடுதல் பொறுப்பு" என்றிருக்கிறதா, "அன்றாடப் பணிகளை மட்டும் கவனிக்க" என்றிருக்கிறதா? இரண்டாவது என்றால், அன்றாடக் கோப்பு பார்க்கலாம், லீவு கொடுக்கலாம். விதி ஒரு பதவிக்குக் கொடுத்த தண்டிக்கும் அதிகாரம் அவருக்கு வந்து சேராது. உதவி செயற்பொறியாளர் ஒருவர் செயற்பொறியாளர் பொறுப்பில் இருந்து கையெழுத்திட்டிருந்தால் இதைக் கட்டாயம் பாருங்கள். முத்திரையில் "பொறுப்பு" என்ற சொல் சின்னதாக அடைப்புக்குள் இருக்கும்.

இன்னும் இரண்டு. கையெழுத்து சரியான ஆளுடையதாக இருந்தும், மனசு வேறு யாருடையதோவாக இருக்கலாம். ஆணையிலேயே "தலைமையகத்தின் அறிவுறுத்தலின்படி", "விஜிலன்ஸ் பரிந்துரைத்தபடி" என்று எழுதிவிடுவார்கள். தண்டனையை மேலிடம் சொல்லி ஒழுங்கு அதிகாரி கையெழுத்து மட்டும் போட்டால் அது அவருடைய ஆணை ஆகாது என்பது 1991இல் கார்ஜகி வழக்கு. இரண்டாவது, சம்பவ இடத்தில் சோதனை போட்டவரே, ஸ்டோரில் எடை பார்த்தவரே தண்டிக்கும் நாற்காலியில் உட்காரக் கூடாது. சிறிய கோட்டங்களில் இது எளிதாக நேரும், ஏனென்றால் இருப்பதே இரண்டு மூன்று அதிகாரிகள். அவர் சாட்சிப் பட்டியலில் இருந்தால், வேறு அதிகாரியை ஒழுங்கு அதிகாரியாக நியமிக்கக் கோரலாம்.

வேறு கம்பெனிக்கோ வேறு மாவட்டத்துக்கோ போய் வேலை செய்தபோது நடந்தவற்றை யார் பார்ப்பது என்பதும் இந்தக் கரையில் அடிக்கடி எழும் கேள்வி. 2018 நவம்பரில் கஜா புயல் அடித்தபோது போல, மற்ற மாவட்டத்து ஆட்களை டெல்டாவுக்கு அனுப்பிக் கம்பம் நடச் சொல்வார்கள். அங்கே ஒரு விபத்தோ பொருள் குறைவோ நடந்தால், வேலை வாங்கிய அதிகாரி அறிக்கை அனுப்பலாம். தண்டிப்பது சொந்த வட்டத்து அதிகாரிதான். தற்காலிகப் பணி ஒழுங்கு அதிகாரத்தை மாற்றாது. அயற்பணி, அதாவது ஆளை வேறு நிறுவனத்துக்குக் கடனாக அனுப்புவது, என்றால் கொஞ்சம் வேறு. மத்திய அரசு ஊழியருக்கான விதியில், கடன் வாங்கிய நிறுவனம் இடைநீக்கலாம், கடன் கொடுத்த துறையைக் கலந்து சிறு தண்டனையும் கொடுக்கலாம். பெருந்தண்டனை வேண்டும் என்றால் ஆளைத் திருப்பி அனுப்பிவிட வேண்டும். நிரந்தரமாக உட்கிரகித்துவிட்டால் (தன் ஊழியராகவே சேர்த்துக்கொண்டால்) இந்தப் பங்கீடு எல்லாம் முடிந்தது, புதிய நிறுவனத்தின் விதி மட்டும்தான்.

பி.எஸ்.என்.எல்.லை வைத்து ஒப்பிட்டுப் பேசுபவர்களுக்காக இது: அங்கே 2000 அக்டோபர் 1 முதல் தொலைத்தொடர்புத் துறை ஊழியர்கள் முதலில் அயற்பணியில் இருப்பவர்களாகவே கருதப்பட்டு, பிறகு விருப்பம் கேட்டு, குடியரசுத் தலைவர் ஆணை மூலம் உட்கிரகிக்கப்பட்டார்கள். 2006இல் தனி ஒழுங்கு விதிகள் வந்தன. மின்வாரியத்தில் ஆளாளுக்கு விருப்பம் கேட்டு நடந்த மாற்றம் அல்ல, சட்டப் பிரிவின் கீழ் ஒட்டுமொத்தமாக நடந்தது. அதனால் அங்கே கிடைத்த தீர்ப்பை இங்கே அப்படியே எடுத்து வைக்க முடியாது. ராமேசுவரம், மண்டபம் பக்கம் இருக்கும் தொலைபேசித் துறைப் பழைய ஊழியர்கள் இன்னொன்றையும் அறிந்திருக்க வேண்டும். 2025 மே மாதம் மத்திய ஓய்வூதிய விதி 37(29)(சி) திருத்தப்பட்டது. உட்கிரகிக்கப்பட்டவரை நிறுவனம் ஒழுங்கீனத்துக்காக நீக்கினால், அரசுப் பணிக் காலத்துக்கான ஓய்வுப் பலன்களும் பறிபோகலாம். அந்த நீக்கத்தைச் சம்பந்தப்பட்ட அமைச்சகம் மறுபரிசீலனை செய்யும். முன்பு அந்தப் பழைய காலத்துப் பணம் பத்திரமாக இருந்தது.

குற்றம் பிரிவினைக்கு முன் நடந்தது என்றால்? மாற்றுத் திட்டங்களில் நிலுவை நடவடிக்கைகள் வாரிசு நிறுவனத்தின் பெயரில் தொடரும் என்று வாசகம் வைப்பது வழக்கம். அண்ணனுக்குப் பொருந்தும் அரசாணையின் அந்தப் பத்தியைப் படித்துவிடுங்கள். ஆனால் தாமதம் தனி வாதம். தமிழ்நாடு வீட்டுவசதி வாரியப் பொறியாளர் மகாதேவன் வழக்கில், பத்தாண்டு கழித்து வந்த மெமோவை 2005இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. தொடங்கிய விசாரணையை ஆறு மாதத்தில், மிஞ்சிப் போனால் ஓராண்டுக்குள் முடிக்க வேண்டும் என்று 2015இல் பிரேம்நாத் பாலி வழக்கில் சொன்னது. இடைநீக்கத்தில் வைத்திருந்தால், மூன்று மாதத்துக்குள் மெமோ கொடுக்காமல் நீட்டிக்கக் கூடாது என்பது அதே ஆண்டில் வந்த அஜய்குமார் சௌத்ரி வழக்கு. பிழைப்பூதியம் (இடைநீக்கத்தில் இருப்பவருக்குத் தரும் தொகை) மாதாமாதம் வருகிறதா என்பதையும் பாருங்கள். அது இல்லாமல் நடத்திய விசாரணை பலவீனமானது.

இனி செய்ய வேண்டியது. மெமோ கைக்கு வந்த தேதியைப் பெற்றுக்கொண்ட நகலில் எழுதி வையுங்கள். பதில் நாள் அங்கிருந்துதான் ஓடும். தேவையான ஆவணங்களைக் கேட்டு உடனே ஒரு கடிதம். அதிலேயே கால நீட்டிப்பும் கேட்டுவிடலாம். பக்கத்தில் தகவல் உரிமை மனு ஒன்று, 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்பு ஒட்டி. நான்கு மட்டும் கேளுங்கள்: கம்பியாளர் பதவிக்கு நியமன, ஒழுங்கு, மேல்முறையீட்டு அதிகாரிகள் யார் என்ற அட்டவணையின் 2007 நிலை, அதே அட்டவணையின் இன்றைய நிலை, இடையில் மாற்றிய வாரிய ஆணைகளின் பி.பி. (வாரிய நடவடிக்கைக் குறிப்பு) எண், தேதி, மெமோ தேதியன்று செயற்பொறியாளர் பதவியின் பொறுப்பு ஆணை. முப்பது நாளில் வர வேண்டும். "எல்லா ஆவணமும்" என்று கேட்டால் இழுத்தடிப்பார்கள். பணிப்பதிவேட்டின் முதல் பக்க நகலையும் எடுத்து வையுங்கள். நியமன ஆணையின் அசல் தொலைந்துபோனவர்கள் நிறையப் பேர். புயல் வெள்ளத்தில் நனைந்து எழுத்து போனவர்களும் உண்டு. பதிவேட்டில் ஆணை எண் இருக்கும்.

பதிலின் முதல் பத்தியில் இப்படி எழுதலாம்: "மேற்கண்ட குறிப்பாணையை வழங்கும் அதிகாரம் குறித்த எனது ஆட்சேபத்தைப் பதிவு செய்துகொண்டு, எனது உரிமைகளுக்குப் பாதகமின்றி, கீழ்க்கண்ட விளக்கத்தைச் சமர்ப்பிக்கிறேன்." அதற்குப் பிறகு குற்றச்சாட்டுக்குப் பதில். ஆட்சேபத்தை முதலிலேயே எழுதாமல், தோற்ற பிறகு உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் போய்ச் சொன்னால், "இவ்வளவு நாள் ஏன் பேசவில்லை" என்ற கேள்வி வரும். அதே சமயம் அதிகாரம் இல்லை என்று சொல்லி விசாரணைக்குப் போகாமல் இருந்தால் ஒருதலையாக முடித்துவிடுவார்கள். எனக்குத் தெரிந்து ஊழியர்கள் செய்யும் மிகப் பெரிய தவறு இதுதான். ஆட்சேபமும் செய்யுங்கள், உட்கார்ந்து குறுக்கு விசாரணையும் செய்யுங்கள்.

ஏனென்றால் அதிகார வாதத்தில் ஜெயித்தாலும் கதை முடிவதில்லை. நீதிமன்றம் ஆணையை ரத்து செய்து, தவறு நேர்ந்த கட்டத்திலிருந்து சரியான அதிகாரி மறுபடி தொடங்கலாம் என்று அனுப்பும். அண்ணன் திரும்ப இடைநீக்கத்தில் உட்காரலாம். ஆகவே உள்ளடக்கத்தைக் கைவிடாதீர்கள்.

கம்பிக் குறைவுக் குற்றச்சாட்டில் எடுத்த உடனே கேட்க வேண்டியது, கணக்குப் போட்ட முறை. வீசல், ராபிட் என்பவை மின்கம்பியின் ரகங்கள். புதிய வீசல் கம்பி கிலோமீட்டருக்குச் சுமார் 128 கிலோ, ராபிட் என்றால் 214 கிலோ. பழைய லைன் எந்த ரகம் என்று பார்க்காமல் ராபிட் கணக்கில் போட்டால் ஒரு கிலோமீட்டருக்கு 86 கிலோ "காணாமல்" போகும். வீசலில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு எடை நடுவில் இருக்கும் எஃகு இழையில். கடற்கரையில் உப்புக்காற்று பட்டு அந்த இழை துருவேறி உதிர்ந்து, கம்பி துண்டு துண்டாகத்தான் இறங்கும். லைன் நீளத்தை எத்தனை கம்பியால் பெருக்கினார்கள்? எந்தத் தராசில் எடை போட்டார்கள்? ஸ்டோர் ரசீதில் துண்டுகளைத் தனியாகக் காட்டினார்களா? பொருளுக்குப் பொறுப்பு உதவிப் பொறியாளரின் அளவுப் புத்தகத்திலா, கம்பியாளரின் கையிலா? இந்தக் கேள்விகளுக்கு விசாரணையில் பதில் வராவிட்டால், குற்றச்சாட்டின் அடித்தளமே ஆடும்.

இறால் பண்ணை விஷயத்தில், அந்த இணைப்பின் மீது மின்சாரச் சட்டத்தின் 126 (முறைகேடான பயன்பாடு) அல்லது 135 (திருட்டு) பிரிவில் நடவடிக்கை எடுத்த மகஜர், மீட்டர் சோதனை அறிக்கை, அந்தப் பகுதிக்கு அந்த மாதம் யார் பொறுப்பு என்ற பணிப் பங்கீட்டு ஆணை ஆகிய மூன்றும் வேண்டும். வீதப் பட்டியலைத் தவறாகப் போட்டதா, திருட்டா என்பதைப் பிரித்துக் காட்டுங்கள். முதலாவது கணக்கீட்டுப் பிரிவின் வேலை.

விசாரணை முடிந்ததும் அறிக்கை நகல் கொடுத்து விளக்கம் கேட்காமல் தண்டித்தால் 1993ஆம் ஆண்டு கருணாகர் தீர்ப்பைக் காட்டலாம். விசாரணை அலுவலர் குற்றம் நிரூபணமாகவில்லை என்று சொல்லியும் ஒழுங்கு அதிகாரி மாறுபட்டால், மாறுபடும் காரணத்தை முன்கூட்டியே எழுதி விளக்கம் கேட்டிருக்க வேண்டும். 1998இல் குஞ்ச் பிஹாரி மிஸ்ரா வழக்கு.

எங்கே போவது என்பதில் அவசரம் வேண்டாம். மெமோ கட்டத்திலேயே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டால் பெரும்பாலும் "விசாரணையைச் சந்தியுங்கள்" என்று திருப்பிவிடுவார்கள். அதிகாரமே இல்லாதவர் கொடுத்தது என்று ஆவணத்தோடு காட்ட முடிந்தால் மட்டும் அது பலிக்கும். தகவல் உரிமைப் பதில் வருவதற்கு முன் ஓடாதீர்கள். கம்பெனி ஆனாலும் அரசுக் கம்பெனிதான், ரிட் போட முடியும். மின்வாரியமே "அரசு" என்ற சொல்லுக்குள் வரும் என்று ராஜஸ்தான் மின்வாரிய வழக்கில் 1967இலேயே முடிந்தது. நீக்கம் வந்துவிட்டால், கம்பியாளர் தொழிலாளி என்பதால் தொழிலாளர் துறையின் சமரச அலுவலரிடம் போகும் வழியும் உண்டு. அங்கே தண்டனை அதிகம் என்ற வாதமும் எடுபடும். உயர் நீதிமன்றத்தில் அது எளிதில் எடுபடாது. பழைய தொழில் தகராறுச் சட்டத்தில் இதற்கு மூன்றாண்டு அவகாசம் இருந்தது. 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்த தொழிலுறவுத் தொகுப்புச் சட்டத்தில் அது இரண்டாண்டு. பழைய நினைப்பில் இருந்துவிடாதீர்கள். நீக்கம் நடந்த நாளில் சங்கத்தின் ஏதாவது தொழில் தகராறு நிலுவையில் இருந்ததா என்றும் சங்க அலுவலகத்தில் கேளுங்கள். இருந்தால், சில வகை நீக்கங்களுக்கு நிர்வாகம் ஒப்புதல் மனு போட்டிருக்க வேண்டும். போடாத நீக்கம் செல்லாது என்று 2002இல் ஜெய்ப்பூர் ஜில்லா சகாரி வங்கி வழக்கில் அரசியல் சாசன அமர்வு சொல்லியிருக்கிறது. "வேற கம்பெனி" என்று சொன்ன அந்த நண்பரிடமே இதைக் கேட்கலாம், அவருக்குத் தெரிந்திருக்கும்.